சுடலை சாலை கடந்த பாட்டு

எங்கள் பெரியப்பாவுக்குத் தெரியாத பாட்டு ஒன்று இருந்ததாக எங்கள் வீட்டில் யாரும் ஒத்துக்கொண்டதில்லை. அவரும் ஒத்துக்கொண்டதில்லை.

நாங்கள் கணியான்கள். ஆறுமுகநேரியைச் சுற்றியிருக்கிற ஊர்களில் சுடலைமாடனுக்குக் கொடை என்கிற திருவிழா நடந்தால், அங்கே மகுடம் என்கிற பறையை அடித்துக் கூத்து நடத்துவது எங்கள் ஆட்கள்தான். பந்தல் போடலாம், படையல் வைக்கலாம், சீரியல் விளக்குக் கட்டலாம். ஆனால் கணியான் வந்து சாமியின் கதையைப் பாடினால்தான் சாமி இறங்கும், சாமி இறங்கினால்தான் கொடை நடந்ததாக அர்த்தம். பெரியப்பா எங்கள் செட்டுக்கு அண்ணாவி. முன்னால் நின்று பாடுகிறவரை அப்படித்தான் சொல்வார்கள். உள்ளங்கையால் ஒரு காதைப் பொத்திக்கொண்டு, கண்ணை மூடி, அவர் வரியை எடுப்பார். சித்தப்பாவும் என் தாய்மாமாவும் மகுடத்தை அடித்தபடி அதே வரியைத் திருப்பிப் பாடுவார்கள். அப்பா ஆடுவார்.

எங்கள் கூத்தில் பெண்கள் ஆடுவதில்லை. ஆண்களே சேலை கட்டி, சவுரி வைத்து, சலங்கை கட்டிப் பெண்ணாக ஆடுவார்கள். அம்மாவின் சேலைகளில் எது பந்தல் வெளிச்சத்தில் எடுப்பாகத் தெரியும் என்பது அம்மாவைவிட அப்பாவுக்கு நன்றாகத் தெரியும். அதனால் தனக்குப் பிடித்த நீலச் சேலையை மட்டும் அம்மா அரிசிப் பானைக்குப் பின்னால் சுருட்டி வைத்திருந்தாள். உலைக்கு அரிசி எடுத்துக் கொடுக்கிற வேலையை அப்பா அடிக்கடி தானாகக் கேட்டு வாங்கிச் செய்ததை அவருடைய நல்ல குணம் என்றே நான் நம்பியிருந்தேன்.

பெரியப்பாவின் கண்டிப்பு வேறு மாதிரி. வீட்டில் சோறு குழைந்தாலும் சரி, குழம்பில் உப்பு கூடினாலும் சரி, வாயைத் திறக்க மாட்டார். பாட்டில் ஒரு சொல் இடம் மாறினால் போதும், முகம் மாறிவிடும். "சாமிக்குத் தெரிஞ்ச கதையைச் சாமிகிட்டயே மாத்திச் சொல்லுவியா?" என்று கேட்பார். எனக்கு அப்போது ஐந்தாம் வகுப்பு முடிந்திருந்தது. பள்ளிப் பாடத்தைவிட அந்தப் பாட்டுகள்தான் எனக்கு நன்றாக மனப்பாடம். பாடச் சொல்லி யாரும் கேட்டதில்லை. ஒரு வீட்டில் ஒத்திகை நடந்தால் அந்த வீட்டுப் பிள்ளைகளின் காதை யாரும் மூடிவைப்பதில்லை, அவ்வளவுதான்.

அந்த வருஷம் கடற்கரைச் சாலையை அகலப்படுத்தினார்கள். உப்பளங்களை ஒட்டிய ஓர் ஊரில், சாலை ஓரத்தில், ஓர் உடைமரத்தின் கீழே சுடலையின் பீடம் இருந்தது. கூரை கிடையாது, சிலை கிடையாது. ஆள் உயரத்துக்குச் சுண்ணாம்பு பூசிய மண் பீடம், அவ்வளவுதான். அளந்து பார்க்க வந்தவர்கள் அதைத் தாண்டி உப்பளத்துக்குள் சிவப்பு அடையாளம் போட்டுவிட்டுப் போனார்கள். கொடை முடிகிறவரை தொட மாட்டோம், முடிந்த மறுநாள் பீடம் அங்கே இருக்கக் கூடாது என்று மரியாதையாகவே சொன்னார்களாம். சாலைக்கு எதிர்ப்பக்கம், உப்பு மூட்டை அடுக்குகிற கிட்டங்கியை ஒட்டிய மேட்டை அந்த உப்பளத்துக்காரர் கோயிலுக்கு விட்டுக்கொடுத்தார். ஆக, இடமும் இருந்தது, அனுமதியும் இருந்தது. சாமி வருமா என்பதுதான் தெரியவில்லை.

ஊரில் இளவட்டங்கள் அதைப் பெரிதாக நினைக்கவில்லை. எதிர்ப்பக்கம் கிரானைட்டில் அழகாகக் கட்டிவிடலாம் என்றார்கள். ஆனால் அந்தச் சாமி இறங்குவது கடைக்கார அண்ணாச்சி ஒருவர்மேல்தான். பஜாரில் பலசரக்குக் கடை வைத்திருந்தார். அவருக்கு முன்னால் அவருடைய அப்பாமேல் இறங்கிய சாமி அது. அண்ணாச்சி, "சாமி என்ன சீனி மூட்டையா, இங்கனயிருந்து தூக்கி அங்கன வைக்க?" என்று கேட்டுவிட்டார். அதோடு, சாமி உத்தரவு கொடுக்காமல் பீடத்தைத் தொட்டால் இயந்திரத்துக்கு முன்னால் தான் படுத்துக்கொள்வதாகவும் சொல்லியிருந்தார். அவர் சொன்னால் செய்கிற ஆள். அவருடைய மகன்களுக்கு அதுதான் பயம்.

ஒரு சாயங்காலம் அண்ணாச்சி தன் மொபெட்டில் எங்கள் வீட்டுக்கு வந்தார். ஒவ்வொரு கொடைக்கும் எங்கள் ஆட்களைத்தான் அவர் வீட்டு வாசலுக்குக் கூப்பிட்டு அனுப்புவார்கள். அவர் எங்கள் தெருவுக்கு வந்து, எங்கள் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்தது அதுதான் முதல் தடவை. அம்மா காபி கொடுத்தாள். குடித்தார். டம்ளரைக் கையிலேயே வைத்துக்கொண்டு வெகுநேரம் கடை வியாபாரத்தைப் பற்றிப் பேசினார். பிறகுதான் கேட்டார்.

"அண்ணாவி, சாமியை எடம் மாத்திக் கூட்டிட்டுப் போறதுக்குன்னு பாட்டு இருக்கா?"

பெரியப்பா யோசிக்கவே இல்லை. "இல்லாமலா?" என்றார்.

அண்ணாச்சியின் முகத்தில் அப்போது தெரிந்த ஆறுதல் இன்னும் எனக்கு நினைவிருக்கிறது. தன் அப்பா அப்படி ஒரு பாட்டைப் பற்றிச் சொன்னதே இல்லையே என்று மட்டும் மெதுவாகச் சொல்லிப் பார்த்தார்.

"ஒங்கப்பா காலத்துல இந்த ரோட்டை யாரு அகலப்படுத்துனா?" என்று கேட்டார் பெரியப்பா. அண்ணாச்சிக்கு அது நியாயமாகப் பட்டது. கும்பிட்டுவிட்டுப் போனார்.

மொபெட் சத்தம் தெரு முனையைத் தாண்டியதும் சித்தப்பா அப்பாவைப் பார்த்தார். அப்பா தரையைப் பார்த்தார். சித்தப்பாதான் பேச்சை எடுத்தார்.

"அண்ணே, நம்மகிட்ட அப்பிடி ஒரு பாட்டு கெடையாதே."

"இருக்குடே. எடுக்கணும்," என்றார் பெரியப்பா.

எடுக்கணும் என்றால் எங்கேயோ வைத்திருக்கிறார் என்றுதான் நான் எண்ணினேன். வீட்டில் கூத்துச் சாமான்களெல்லாம் இருந்த தகரப் பெட்டியை மறுநாள் யாருக்கும் தெரியாமல் திறந்து பார்த்தேன். சலங்கை இருந்தது, சவுரி இருந்தது, அப்பா பூசுகிற அரிதாரம் இருந்தது. பாட்டு எதுவும் இல்லை. இருந்தாலும் நான் கவலைப்படவில்லை. பெரியப்பா 'இல்லாமலா' என்று சொன்ன விதத்தில், இல்லாத ஒன்றும் வெட்கப்பட்டு வந்து சேர்ந்துவிடும் போலிருந்தது.

அவர் காலையில் எழுந்ததும் உப்பளத்துப் பக்கம் போக ஆரம்பித்தார். கோடை விடுமுறை என்பதால் எனக்கு வேலை எதுவும் இல்லை. ஒருநாள் பின்னாலேயே போனேன். அவர் பீடத்தின் முன்னால் நின்றார். அங்கிருந்து மெல்ல நடந்து சாலையைக் கடந்து எதிர்ப்பக்க மேட்டுக்குப் போனார். திரும்பி வந்தார். மறுபடியும் கடந்தார். உப்பு லாரிக்காரர்கள் ஹாரன் அடித்து, தலையை வெளியே நீட்டி ஏசிவிட்டுப் போனார்கள். அவர் காதில் விழவில்லை. வாய் மட்டும் அசைந்துகொண்டே இருந்தது. ஒரு வரியைச் சொல்லிப் பார்ப்பார். தலையை ஆட்டுவார். சொல்லைத் திருப்பிப் போடுவார். பிடிக்காவிட்டால் வாயில் கல் கடிபட்டதுபோலத் துப்புவார்.

மறந்துபோனதை ஞாபகப்படுத்துகிற முகம் எனக்குத் தெரியும். பள்ளியில் திருக்குறள் ஒப்பிக்கும்போது என் முகமே அப்படித்தான் இருக்கும். இது அந்த முகம் இல்லை. அவர் ஞாபகப்படுத்தவில்லை, கட்டிக்கொண்டிருந்தார். சாமிக்குத் தெரிந்த கதையில் ஒரு சொல் மாறினாலே தாங்காதவர், சாமி கேட்டே இராத ஒரு பாட்டைக் கட்டுகிறார். அதை அந்தச் சாமியின் முகத்துக்கு நேரே நின்று பாடப்போகிறார். பக்கத்தில் என் அப்பா ஆடப்போகிறார்.

மேட்டு நிழலில் அவர் உட்கார்ந்தபோது நான் எதிரே போய் நின்றேன்.

"பெரியப்பா, இது நம்ம பாட்டு இல்லையே."

"பின்ன எவன் பாட்டு?"

"நீங்களே கட்டுதிய. நான் பாத்தேன்."

அவர் கோபப்படவில்லை. துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு என்னை உட்காரச் சொன்னார்.

"ஏளா, சுடலை எங்கன பொறந்தான்?"

"கைலாசத்துல. வெளக்குச் சுடர்ல."

"இங்கன எப்பிடி வந்தான்?"

"நடந்து."

"வழியில எங்கயாச்சும் நின்னானா?"

நான் கதையில் வருகிற ஊர்களைச் சொல்ல ஆரம்பித்தேன். ஆற்றங்கரை, சுடுகாடு, மலையடிவாரம், கோட்டை வாசல் என்று அது போய்க்கொண்டே இருந்தது. அவர் கையைக் காட்டி நிறுத்தினார்.

"இம்புட்டுத் தூரம் நடந்து வந்தவன். அவனுக்கு இந்த ரோடு ஒரு தூரமா? கதை அங்கனதான் நிக்கி. அடுத்த வரியை நான் எடுக்கேன்."

கேட்கும்போது சரியாகத்தான் இருந்தது. பெரியப்பா எதைச் சொன்னாலும் கேட்கும்போது சரியாகத்தான் இருக்கும். வீட்டுக்குப் போய் அம்மாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். சாமி கண்டுபிடித்துவிட்டால் என்ன ஆகும் என்றும் கேட்டேன். அம்மா சாப்பிடச் சொன்னாள். சாப்பிட்டுவிட்டுத் திரும்பிப் பார்த்தபோது, அரிசிப் பானைக்குப் பின்னால் கையை விட்டு அந்த நீலச் சேலையை எடுத்து, உதறி, மடித்து, அப்பாவின் தகரப் பெட்டிக்குள் தானே வைத்துக்கொண்டிருந்தாள். அம்மாவுக்கு ஏதோ மனசு சரியில்லை என்று நினைத்தேன்.

பாட்டு ஒரு வடிவத்துக்கு வந்ததும் பெரியப்பா முதலில் சித்தப்பாவுக்கும் மாமாவுக்கும் சொல்லிக் கொடுத்தார். அதில் யாரும் எந்தக் கேள்வியும் கேட்கவில்லை. ஆனால் அந்தப் பாட்டுக்கு எங்கள் செட்டு மட்டும் போதாது என்றார். சாமியைக் கூப்பிடுகிறவன் கணியான், கூட்டிக்கொண்டு போகிறவர்கள் ஊர்க்காரர்கள், அவர்கள் வாயைத் திறக்காமல் சாமி எப்படி நகரும் என்று கேட்டார். இதுவரை எந்தக் கொடையிலும் ஊர்க்காரர்கள் பாடியதில்லை. பெண்கள் குலவை போடுவார்கள், அதோடு சரி.

மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் கிட்டங்கிக்குள் உப்பளத்துப் பெண்கள் உட்கார்ந்திருந்தார்கள். தலைத்துணியை அவிழ்த்துப் போட்டுக்கொண்டு, உப்பில் வெடித்த பாதங்களை நீட்டியபடி தூக்குவாளியைத் திறந்துகொண்டிருந்தார்கள். பெரியப்பா அவர்கள் நடுவில் போய் நின்று, தான் பாடுகிற ஒவ்வொரு வரிக்கும் பிறகு அவர்கள் என்ன சொல்ல வேண்டும் என்று பாடிக் காட்டினார்.

"நடந்து வா மாடா, நடந்து வா."

பெண்கள் முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். அவர்களில் மூத்தவள் ஒருத்தி, கறுத்து ஒல்லியான அம்மாள், சிரிப்பை அடக்கிக்கொண்டு சொன்னாள்.

"அண்ணாவி, மாட்டைக் கூப்பிடுத மாதிரி இருக்கே."

"நீ கூப்பிட்டா மாடு வருமா, வராதா?"

"வருமே."

"அப்பம் அப்பிடியே கூப்பிடு."

அதற்குப் பிறகு யாரும் சிரிக்கவில்லை. சாப்பாட்டு நேரம் முடிவதற்குள் கிட்டங்கித் தகரம் அதிர்ந்தது. அண்ணாச்சியின் மகன்கள், பந்தல்காரர், டீக்கடைக்காரர் என்று அந்த வாரம் முழுக்க யாரைப் பார்த்தாலும் பெரியப்பா அந்த வரியைச் சொல்லிக் கொடுத்தார். எல்லோரும் அதை ரொம்பப் பழைய வழக்கம் என்று நம்பினார்கள். டீக்கடைக்காரர், சின்ன வயதில் தன் தாத்தா இதைப் பாடிக் கேட்டிருப்பதாகக்கூடச் சொன்னார். பெரியப்பா அதை மறுக்கவில்லை.

மத்தியானக் கொடைக்கு அந்த ஊர் முழுவதும் உடைமரத்தைச் சுற்றி வந்து நின்றது. வழக்கமாகக் கொடைக்கு வராத அம்மாவும் அன்று வந்திருந்தாள். சாலையில் சற்றுத் தள்ளி மஞ்சள் இயந்திரம் நின்றது. அதை ஓட்டுகிற வடக்கத்திப் பையன் அதன் நிழலிலேயே குந்தியிருந்தான். சித்தப்பாவும் மாமாவும் பனையோலைத் தீயில் மகுடத்தைக் காட்டித் தோலை முறுக்கேற்றினார்கள். அண்ணாச்சி சாமியாடிகள் போடுகிற சல்லடம் என்கிற அரைக்கால் உடையைக் கட்டி, தலையில் குல்லா வைத்து, கையில் மணி கட்டிய வல்லயம் என்கிற ஈட்டியோடு பீடத்தின் முன்னால் நின்றார். கடையில் பார்க்கிற அண்ணாச்சி இல்லை அவர். ஆனால் சாமியும் இல்லை. இரண்டுக்கும் நடுவில் எங்கேயோ நின்றார்.

பெரியப்பா காதைப் பொத்திக்கொண்டு வழக்கமான இடத்தில் ஆரம்பித்தார். விளக்கில் சுடர் தெறித்து விழுந்ததைப் பாடினார். பிள்ளை பிறந்ததைப் பாடினார். அவன் பசிக்கு அழுததைப் பாடினார். எப்போதும் இந்த இடத்துக்கெல்லாம் அண்ணாச்சியின் தோள் துடிக்க ஆரம்பிக்கும். அன்று துடிக்கவில்லை. அவன் கைலாசத்தை விட்டு இறங்குகிற இடம் வந்தது. அப்பா நீலச் சேலையில் சுழன்று சுழன்று ஆடினார். அண்ணாச்சியின் கண்களிலிருந்து நீர் மட்டும் வடிந்தது. உடம்பு நட்ட கல்போல நின்றது. சாமிக்குச் சம்மதம் இல்லை என்று கூட்டத்தில் யாரோ முணுமுணுத்தார்கள். அது ஒரு வாயிலிருந்து இன்னொரு வாய்க்குப் போனது. மூத்த மகன் தன் அப்பாவையும் இயந்திரத்தையும் மாறி மாறிப் பார்த்தான்.

பெரியப்பா காதிலிருந்து கையை எடுத்தார். பாட்டின் நடுவில் அவர் கையை எடுத்து நான் பார்த்ததில்லை. துண்டால் முகத்தைத் துடைத்தார். மறுபடி காதைப் பொத்தினார். புதுப்பாட்டை எடுத்தார்.

"நிக்க இடம் கேட்டு நீ வரல்லே மாடா
நீ நின்ன இடமெல்லாம் கோயிலல்லோ"

சித்தப்பாவும் மாமாவும் வாங்கித் திருப்பினார்கள். பெண்கள் பக்கத்திலிருந்து, கொஞ்சம் தயங்கி, "நடந்து வா மாடா, நடந்து வா" என்று பதில் வந்தது.

அண்ணாச்சியின் உடம்பு ஒரு தடவை குலுங்கியது. வல்லயத்தின் மணிகள் சிதறியதுபோல ஒலித்தன. கூட்டம் பின்வாங்கி வழிவிட்டது. ஆனால் சாமி சாலைப் பக்கம் திரும்பவில்லை. நேராகப் பெரியப்பாவைப் பார்த்து வந்தது. வல்லயத்தின் முனை அவர் நெஞ்சுக்கு முன்னால் வந்து நின்றது. அந்தக் குரல் அண்ணாச்சியின் குரலே இல்லை.

"ஏலே, இது ஏது பாட்டு? நான் கேக்காத பாட்டு."

மகுடம் நின்றது. அப்பா தூக்கிய காலை மெதுவாகக் கீழே வைத்தார். நான் அம்மாவின் கையை இறுகப் பிடித்துக்கொண்டேன். கண்டுபிடித்துவிட்டது. எனக்குத் தெரிந்தது, சித்தப்பாவுக்குத் தெரிந்தது, கடைசியில் சாமிக்கும் தெரிந்துவிட்டது. இனி என்ன நடக்கும் என்று நினைக்கவே பயமாக இருந்தது.

பெரியப்பா காதிலிருந்து கையை எடுக்கவில்லை. ஓர் அடிகூடப் பின்னால் போகவில்லை. வல்லயத்தின் முனையைப் பார்த்தபடி, தாளமே இல்லாமல், அதே ராகத்தில் பாடினார்.

"கேக்காத பாட்டுன்னா கேளுமய்யா – நீரு
நடந்தால்லா நாளைக்கிது பாட்டாகும்"

சித்தப்பாவும் மாமாவும் அதைத் திருப்பிப் பாடவில்லை. காற்று மட்டும் உப்பளத்திலிருந்து வந்துகொண்டிருந்தது. அப்போது பெண்கள் கூட்டத்திலிருந்து ஒற்றைக் குரல் எழுந்தது. மாட்டைக் கூப்பிடுகிற மாதிரி இருக்கிறதே என்று சொன்ன அந்த ஒல்லி அம்மாள்தான். தன் வீட்டுத் தொழுவில் நின்று கூப்பிடுகிறவள்போல, சந்தேகமே இல்லாத குரலில் கூப்பிட்டாள்.

"நடந்து வா மாடா, நடந்து வா."

அடுத்த தடவை எல்லாப் பெண்களும் கூப்பிட்டார்கள். அதற்கடுத்த தடவை ஊரே கூப்பிட்டது. வல்லயம் தாழ்ந்தது. சாமி பெரியப்பாவை ஏற இறங்கப் பார்த்தது. பிறகு பீடத்தடியில் குனிந்து, ஒரு பிடி மண்ணை அள்ளி மஞ்சள் துணியில் வைத்து, பிள்ளையை அணைப்பதுபோல நெஞ்சோடு அணைத்துக்கொண்டு சாலைப் பக்கம் திரும்பியது.

அதற்கப்புறம் நடந்தது எதையும் யாரும் திட்டமிட்டிருக்கவில்லை. இரண்டு பக்கமும் லாரிகள் நின்றன. ஓட்டுநர்கள் இறங்கிச் செருப்பைக் கழற்றினார்கள். அப்பா சாமிக்கு முன்னால் பின்புறமாக அடியெடுத்து வைத்து ஆடிக்கொண்டே தார்ச் சாலையில் கால் வைத்தார். மத்தியான வெயிலில் தார் இளகிக்கிடந்தது. வெறுங்கால். அப்பாவின் முகம் ஒரு கணம் சுருங்கியதை நான் பார்த்தேன். ஆனால் சலங்கை தவறவில்லை. கிட்டங்கிப் பெண்கள் ஓடிப்போய் வெற்று உப்புச் சாக்குகளைத் தொட்டியில் முக்கி முக்கி எடுத்து வந்தார்கள். நானும் அம்மாவின் கையை விட்டுவிட்டு ஓடினேன். நீர் சொட்டுகிற ஒரு சாக்கை இழுத்து வந்து, சாமியின் காலடிக்கு முன்னால் விரித்தேன். சூட்டில் ஆவி எழும்பியது. என் தலைக்கு மேலே பெரியப்பா ஏதோ ஒரு வரியை எடுத்தார். சரியாக அந்த நேரத்தில், விஷயம் தெரியாத ஒரு லாரிக்காரர் பின்னாலிருந்து நீளமாக ஹாரன் அடித்தார். வடக்கத்திப் பையன் இயந்திரத்தை விட்டு வந்து கும்பிட்டபடி கூடவே நடந்தான். பதில் வரி சுலபமாக இருந்ததாலோ என்னவோ, கூட்டத்திலேயே அவன்தான் அதை உரக்கச் சொன்னான். அவன் வாயில் மாடன் வேறென்னவோ ஆகியிருந்தார். அதை யாரும் தப்பாக எடுத்துக்கொள்ளவில்லை.

எதிர்ப்பக்க மேட்டில் தோண்டிவைத்த குழியில் பிடிமண்ணை வைத்ததும் சாமி மலையேறியது. அண்ணாச்சி மகன்களின் கையில் சாய்ந்தார். எலுமிச்சம்பழச் சாறு கொடுத்தார்கள். கண்ணைத் திறந்ததும், எங்கே இருக்கிறோம் என்று பார்த்தார். சாலை தனக்கு எந்தப் பக்கம் இருக்கிறது என்று தெரிந்ததும் வாய்விட்டு அழுதார். மகன்களும் அழுதார்கள். அப்பா கிட்டங்கி நிழலில் உட்கார்ந்து பாதத்தைத் திருப்பிப் பார்த்தார். கொப்புளம் கொப்புளமாக எழும்பியிருந்தது. அம்மா அந்தக் காலைத் தன் மடியில் வைத்துக்கொண்டு, சேலை ஓரமெல்லாம் தாராகிவிட்டது என்று வெகுநேரம் ஏசிக்கொண்டிருந்தாள். குரல்தான் ஏசியது. கை பாதத்துக்கு எண்ணெய் தடவிக்கொண்டிருந்தது.

வெயில் இறங்கியதும் ஒரு லோடு ஆட்டோவில் மகுடங்களையும் தகரப் பெட்டியையும் ஏற்றிக்கொண்டு வீட்டுக்குப் புறப்பட்டோம். பெரியப்பாவின் தொண்டை சுத்தமாகப் போயிருந்தது. காற்றுதான் வந்தது. வண்டி பஜாரைத் தாண்டுவதற்குள் சித்தப்பாவைத் தட்டி, பீடத்தை விட்டுக் கிளம்பியதிலிருந்து பாடு என்று சாடை காட்டினார். ஒத்திகையில் இருந்த வரிகள் பாதிதான். மற்றதெல்லாம் அங்கே நின்று, பார்க்கப் பார்க்க அவர் வாயில் வந்தவை. பாடியவர் அவர். ஆனால் திருப்பிப் பாடியவர்களிடம்தான் பாட்டு மிச்சம் இருந்தது. சித்தப்பா மெதுவாக ஒவ்வொரு வரியாகப் பாடினார். பெரியப்பா காதைப் பொத்திக்கொண்டு, கண்ணை மூடி, முதல் தடவையாகக் கேட்கிறவர்போலக் கேட்டுக்கொண்டு வந்தார்.

சாலை நடுவுக்கு வந்ததும் சித்தப்பா நின்றுவிட்டார். அந்த இடத்தில் ஒரு வரி இருந்தது, ஹாரனில் தனக்குக் கேட்கவில்லை என்றார். மாமாவுக்கும் கேட்கவில்லை. அப்பா, தனக்கு அப்போது கால்தான் ஞாபகம் என்றார். எல்லோரும் பெரியப்பாவைப் பார்த்தார்கள். அவர் வெகுநேரம் யோசித்துவிட்டு, இல்லை என்று தலையை ஆட்டினார். ஒரு பாட்டு தெரியாது என்று அவர் ஒத்துக்கொண்டதை அன்றுதான் பார்த்தேன்.

எனக்குத் தெரியும். நான் சாக்கை விரித்துக்கொண்டிருந்தபோது என் தலைக்கு நேர் மேலே பாடிய வரி அது.

"உப்புச் சாக்கு நனைச்சு விரிச்சாக மாடா
ஒம்பாதம் சுடாமக் கடந்து வா"

அதைச் சொன்னேன். பெரியப்பா என் பக்கம் குனிந்து, இன்னொரு தடவை என்று விரலைக் காட்டினார். மறுபடி சொன்னேன். சித்தப்பா அதை வாங்கி, தாளத்துக்கு இசைவாக 'விரிச்சாக' என்பதை 'விரிச்சாவ' என்று மாற்றிப் பாடிப் பார்த்தார். பெரியப்பா கையை உயர்த்தித் தடுத்தார். என்னைக் காட்டினார். தொண்டையிலிருந்து சிரமப்பட்டுக் காற்றை இழுத்துச் சொன்னார்.

"அவ சொன்ன மாதிரி. ஒரு எழுத்து மாறக் கூடாது."

வகுப்பில் சரியான பதில் சொன்னவள்போல நிமிர்ந்து உட்கார்ந்தேன். கூடவே எனக்குக் கொஞ்சம் எரிச்சலாகவும் இருந்தது. பிறந்து ஒரு பொழுதுகூட ஆகாத பாட்டு, அதுவும் அவரே கட்டியது. அதில் ஓர் எழுத்து மாறினால் இவருக்கு என்ன என்று நினைத்தேன்.

வேம்பாரிலிருந்து பெரியதாழை வரைக்கும் சாலை அகலமான ஊர்களிலிருந்தெல்லாம் பிறகு பெரியப்பாவைத் தேடி வந்தார்கள். அவர் போய்ப் பாடினார், வேறு செட்டுக்காரர்களுக்கும் சொல்லிக் கொடுத்தார். இப்போது எங்கள் பக்கத்தில் எந்தக் கணியானைக் கேட்டாலும் அது முன்னோர் பாட்டு என்றுதான் சொல்வான். லாரியே ஓடாத காலத்திலிருந்து பாடுகிறோம் என்று ஒருவர் என்னிடமே சொன்னார். அவர் பாடிக் காட்டியபோது சாக்கு வரியில் ஓர் எழுத்தும் மாறவில்லை.

அன்று லோடு ஆட்டோவில் எனக்கு ஒன்றும் தெரியாது. பெரியப்பாவுக்கு வயதாகிவிட்டது, மறதி வந்துவிட்டது, நான் எடுத்துக் கொடுத்தேன் என்பதுதான் நான் புரிந்துகொண்டது. மற்றப் பாட்டுகளெல்லாம் எந்த வண்டியில் வைத்து, யார் யார் எடுத்துக் கொடுத்துச் சேர்ந்தவை என்று அவரிடம் கேட்க எனக்குத் தோன்றவே இல்லை.